அம்மாவை வீடியோ எடுத்தால் அது கலையா? குடும்பத்துக்குள் ‘நான்’ யார் என்று தேடிய கேமராக்கள்

டிவி முன்னால் உட்கார்ந்து ஒரு பெண் அழுதுகொண்டிருக்கிறார். டிவியில் தெரிவது அவருடைய அப்பா. உடம்பு முடியாமல் இருக்கும் அந்த அப்பாவும் டிவிதான் பார்த்துக்கொண்டிருக்கிறார். ஜப்பானில் புத்தாண்டுக்கு முந்தைய இரவு, பாட்டு நிகழ்ச்சி ஓடுகிறது. மகள் அழும் நேரத்தில் அப்பா உயிரோடு இல்லை.

அவ்வளவுதான். கறுப்பு வெள்ளை, சுமார் 15 நிமிடம். 1975-ல் முடிக்கப்பட்ட இந்த வீடியோவின் பெயர் ‘மை ஃபாதர்’. எடுத்தவர் ஷிகேகோ குபோட்டா. ஜப்பானில் பிறந்து நியூயார்க்கில் வாழ்ந்த கலைஞர். அப்பா புற்றுநோயில் இறந்த செய்தி வந்தபோது அவர் நியூயார்க்கில் இருந்தார். ஷெர்லி கிளார்க் என்ற திரைப்பட இயக்குநர், குபோட்டாவின் தோழி, போனில் விசாரித்தாராம். அழுதுகொண்டிருக்கிறேன் என்று இவர் சொல்ல, அப்படியானால் அழுவதையே வீடியோ எடு என்று அவர் யோசனை சொன்னாராம்.

இன்றைக்கு நமக்கு இது ரொம்பத் தெரிந்த உணர்வு. போய்ச் சேர்ந்த அப்பாவின் வாட்ஸ்அப் வாய்ஸ் நோட்டை டெலிட் பண்ண மனசு வராமல் வைத்திருப்பவர்கள் எத்தனை பேர்! ஆனால் 50 வருஷத்துக்கு முன்னால், வீட்டு மனிதர் ஒருவரின் அசையும் பிம்பத்தைச் சொந்தமாக வைத்திருந்து, நினைத்தபோது ஓடவிட்டு அழ முடிந்தது என்பதே புதுசு. அந்தப் புதுசிலிருந்துதான் இந்தக் கலை கிளம்பியது.

வீடியோ ஆர்ட்னா என்ன?

1960-களின் பிற்பகுதியில் சோனி நிறுவனம் ‘போர்ட்டபேக்’ என்ற கருவியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. தோளில் மாட்டிக்கொள்ளும் ரெக்கார்டர், கையில் கேமரா. இன்றைய கணக்கில் மலை மாதிரி கனம். ஆனாலும் ஒரே ஆள் தூக்கிக்கொண்டு போய் ஒரே ஆளாகப் படம்பிடிக்க முடிந்தது. யூனிட் வேண்டாம், லேப் வேண்டாம், ஃபிலிமைக் கழுவக் காத்திருக்க வேண்டாம். எடுத்த உடனே டேப்பைச் சுற்றிவிட்டுப் பார்க்கலாம்.

சினிமாவுக்கு வெளியே, டிவி சேனல்களுக்கும் வெளியே, ஓவியர்களும் சிற்பிகளும் நடனக் கலைஞர்களும் இந்தக் கருவியை வைத்துச் செய்து பார்த்ததைத்தான் வீடியோ ஆர்ட் என்கிறோம். அதில் கதை இருக்க வேண்டிய கட்டாயம் இல்லை. தொடக்கம், நடு, முடிவு வேண்டாம். 4 நிமிடமும் ஓடலாம், 4 மணி நேரமும் ஓடலாம். பெண்கள் இதில் அதிகமாக நுழைந்ததற்குக் காரணம் உண்டு. ஓவியத்துக்கும் சினிமாவுக்கும் ஏற்கெனவே பெரிய ஆண் மேதைகளின் வரிசை இருந்தது. வீடியோவுக்கு அப்போது யாரும் மேதை இல்லை.

கருவி தனியாக இயக்கக்கூடியது, அறைக்குள் வைத்து இயக்கக்கூடியது என்றால் அது முதலில் எதைப் பார்க்கும்? அறையைத்தான். அந்த அறையில் இருப்பவர்களைத்தான்.

ஹோம் வீடியோவுக்கும் இதுக்கும் என்ன வித்தியாசம்?

நம்ம வீட்டு வீடியோக்களில் என்ன இருக்கும்? பிறந்தநாள் கேக், கிரகப்பிரவேசம், காதுகுத்து, கல்யாணம், டூர். எல்லோரும் சிரிப்பார்கள். சண்டை போட்டதற்கும் பேசாமல் இருந்ததற்கும் யாரும் வீடியோ எடுப்பதில்லை. எடுத்தவர் யாரோ அவர் மட்டும் படத்தில் இருக்க மாட்டார். இது பொய் என்று சொல்ல வரவில்லை. எதைக் காட்டுவது என்று குடும்பம் சேர்ந்து, பேசிக்கொள்ளாமலே எடுத்த முடிவு அது.

குடும்பத்தில் நமக்குப் பெயர் இருப்பதைவிட வேஷம்தான் முதலில் இருக்கிறது: பெரியவன், சின்னவள், மருமகள், ‘இவ எப்பவுமே இப்படித்தான்’. அந்த வேஷத்தைக் கழற்றினால் கீழே யார் இருக்கிறார்கள் என்பதுதான் இந்தக் கலைஞர்களின் கேள்வி. சுவாரசியம் என்னவென்றால், நல்ல படைப்புகளில் பலவும் கேமராவைத் தன் பக்கம் திருப்பி ‘நான் யார்’ என்று பேசிக்கொண்டிருப்பதில்லை. அம்மாவின் குரலில், அப்பாவின் மௌனத்தில், பாட்டியின் மேஜை இழுப்பறையில்தான் தன்னைத் தேடுகின்றன. தன்னைப் பற்றி மட்டுமே பேசும் படைப்புகள் சீக்கிரம் சலித்துவிடுகின்றன என்பது என் அபிப்பிராயம்.

வாய் ஒருவருடையது, குரல் இன்னொருவருடையது

பிரிட்டிஷ் கலைஞர் கில்லியன் வேரிங் 1997-ல் எடுத்த ‘2 இன்டு 1’ நாலரை நிமிடம்தான். ஓர் அம்மா, அவருடைய இரட்டைப் பையன்கள். அம்மாவைப் பற்றிப் பையன்களிடமும், பையன்களைப் பற்றி அம்மாவிடமும் பேட்டி எடுத்தார் வேரிங். பிறகு குரல்களை மாற்றிவிட்டார். பையன்கள் சொன்னதை அம்மா வாயசைக்கிறார். அம்மா சொன்னதைப் பையன்கள் வாயசைக்கிறார்கள்.

டப்ஸ்மாஷும் ரீல்ஸும் பார்த்து வளர்ந்த நமக்கு லிப் சிங்க் என்றால் சிரிப்புதான் வரும். இதிலும் முதல் சில நொடி சிரிப்பு வரும். அப்புறம் ஒட்டாமல் போகும். தன்னைப் பற்றிப் பிள்ளைகள் ஈவு இரக்கமில்லாமல் சொன்ன குறைகளை அந்த அம்மாவே தன் வாயால், தன்னைப் பற்றித் தானே சொல்வதுபோல் சொல்கிறார். ஒரு சின்னப் பையன், நடுத்தர வயதுப் பெண் குரலில், தன் மகன் மீதுள்ள ஆசையையும் அவனிடம் உள்ள பயத்தையும் சொல்கிறான்.

வாயசைக்க வேண்டுமென்றால் அந்தப் பேச்சைத் திரும்பத் திரும்பக் கேட்டு மனப்பாடம் செய்திருக்க வேண்டும் இல்லையா? அங்கேதான் விஷயம் இருக்கிறது. பிள்ளைகள் தன்னைப் பற்றி என்ன நினைக்கிறார்கள் என்பதை அந்த அம்மா ஒவ்வொரு எழுத்தாகக் கற்றிருக்கிறார். எத்தனை வீட்டில் யாரும் யாரையும் இவ்வளவு கவனமாகக் கேட்டிருப்பார்கள்? அதே வருடம் வேரிங்குக்கு பிரிட்டனின் டர்னர் பரிசு கிடைத்தது. பின்னாளில், 2003-ல், சிலிக்கான் முகமூடி போட்டுக்கொண்டு தன் அம்மாவாக, அப்பாவாக, சகோதரனாகத் தானே மாறி ஒரு புகைப்பட வரிசையும் செய்தார். ‘ஆல்பம்’ என்பது அதன் பெயர்.

அம்மா மறந்ததை மகள் படம்பிடித்தால்?

அடுத்தது அமெரிக்கா. 1941 டிசம்பர் 7-ல் பேர்ல் ஹார்பர் மீது ஜப்பான் குண்டு வீசியது. 1942 பிப்ரவரியில் அதிபர் ரூஸ்வெல்ட் கையெழுத்திட்ட ஆணை 9066-ன் பேரில், மேற்குக் கடற்கரையில் இருந்த ஜப்பானிய வம்சாவளியினர் சுமார் 1,20,000 பேர் முகாம்களில் அடைக்கப்பட்டார்கள். அதில் மூன்றில் இரண்டு பங்கினர் அமெரிக்கக் குடிமக்கள். கேமரா வைத்துக்கொள்ள அவர்களுக்குத் தடை. அதாவது, அரசாங்கம் எடுத்த படங்கள் இருக்கும். அடைபட்டவர்கள் எடுத்த படங்கள் அநேகமாக இருக்காது.

ரியா தஜிரியின் அம்மா அரிசோனா பாலைவனத்தில் உள்ள போஸ்டன் முகாமில் இருந்தவர். (இது மாசசூசெட்ஸ் மாநிலத்து பாஸ்டன் அல்ல.) மகள் கேட்டால் அவர் சொல்வது ஒன்றுதான்: ஞாபகமில்லை. அதையே நினைத்துக்கொண்டிருந்தால் பைத்தியம் பிடித்துவிடும் என்பது அவர் பக்க நியாயம்.

ஆனால் மகளிடம் ஒரு காட்சி இருந்தது. எங்கிருந்து வந்தது என்று தெரியாத காட்சி: கொளுத்தும் வெயிலில், பாலைவனத்தில், ஒரு பெண் குழாயில் தண்ணீர்க் குடுவையை நிரப்புகிறாள். அந்தப் பெண் அம்மா. மகள் பிறந்தது 1958-ல். அந்தக் காட்சியை அவர் பார்த்திருக்கவே முடியாது. யாரும் கதையாகச் சொன்னதாகவும் நினைவில்லை. பேசாத வீட்டில்கூடப் பேசாததன் துண்டு ஒன்று பிள்ளைக்குள் எப்படியோ வந்துவிடுகிறது.

1991-ல் வந்த ‘ஹிஸ்டரி அண்ட் மெமரி’ என்ற 32 நிமிட வீடியோவில் தஜிரி அந்தக் காட்சியை உருவாக்குகிறார். தண்ணீர் கொட்டுகிறது, குடுவை நிரம்புகிறது, கை நனைகிறது. நடுநடுவே ஹாலிவுட் படத் துண்டுகள், ராணுவச் செய்திப் படங்கள், திரையில் ஓடும் எழுத்து வரிகள், வீட்டாரின் குரல்கள். அப்பா அமெரிக்க ராணுவத்தில் பணியாற்றிய காலத்தில் குடும்பத்தின் வீடே இருந்த இடத்தில் இல்லாமல் போன கதையும் வருகிறது.

எனக்கு ரொம்பப் பிடித்த இடம் ஒரு சின்ன மரப் பறவை பற்றியது. பாட்டி கொடுத்த அந்தப் பறவை அம்மாவிடம் இருந்தது. பல வருஷம் கழித்து, வாஷிங்டன் தேசிய ஆவணக் காப்பகத்தில் பழைய படங்களைப் புரட்டும்போது, முகாமில் நடந்த மரப் பறவை செதுக்கும் வகுப்பின் படம் ஒன்று தஜிரியின் கையில் கிடைக்கிறது. அதில் பாட்டி இருக்கிறார். வீட்டில் கிடைக்காத பதில் அரசாங்கப் பெட்டியில் இருந்தது.

வேறொரு வகை: பொம்மைக் கேமரா

எல்லோருக்கும் பின்னால் போரும் முகாமும் இருக்க வேண்டும் என்றில்லை. சேடி பென்னிங்குக்குப் பதின்ம வயதில் அப்பா கொடுத்த பரிசு, ஃபிஷர்-பிரைஸ் நிறுவனத்தின் பொம்மைக் கேமரா ‘பிஎக்ஸ்எல் 2000’. சாதாரண ஆடியோ கேசட்டில் படம் பதிவாகும். கறுப்பு வெள்ளை, பொரிப்பொரியாக இருக்கும். ஒழுங்கான கேம்கார்டரை எதிர்பார்த்த சேடிக்கு முதலில் ஏமாற்றம்தான்.

பிறகு மில்வாக்கி நகரில் தன் படுக்கையறையைப் பூட்டிக்கொண்டு எடுக்க ஆரம்பித்தார். கண், உதடு, பொம்மைக் கார், கையால் எழுதிய துண்டுச் சீட்டு. வெளியே சொல்ல முடியாத தன்பாலின ஈர்ப்பைக் கேமராவிடம் கிசுகிசுத்தார். வீட்டுக்குள்ளேயே வீட்டாருக்குத் தெரியாத ஒரு அறை. 1993-ல் நியூயார்க்கின் விட்னி பைஎனியல் கண்காட்சியில் அவர் படைப்புகள் இடம்பெற்றபோது வயது இருபதுகூட ஆகவில்லை. இன்றைய விளாக்குகளுக்கு இதுதான் கொள்ளுப்பாட்டி என்று சிலர் சொல்வார்கள். எனக்கு அது அவ்வளவு சரியாகப் படவில்லை. விளாக்கில் நாம் எடுக்கும்போதே பார்வையாளர் மனதில் இருக்கிறார். பூட்டிய அறையில் எடுக்கும் படத்தின் சுவாசம் வேறு.

தூரத்தை அளப்பது எப்படி?

இந்த வகைப் படைப்புகளில் ஒன்றே ஒன்றைத்தான் பார்க்க நேரம் இருக்கிறது என்றால், மோனா ஹதூமின் ‘மெஷர்ஸ் ஆஃப் டிஸ்டன்ஸ்’ பாருங்கள். 1988, 15 நிமிடம்.

ஹதூம் 1952-ல் பெய்ரூட்டில் பிறந்தவர். அப்பா அம்மா ஹைஃபாவிலிருந்து 1948-ல் வெளியேற நேர்ந்த பாலஸ்தீனர்கள். லெபனானில் வாழ்ந்தாலும் லெபனான் அடையாள அட்டை கிடைக்கவில்லை. அப்பா பிரிட்டிஷ் தூதரகத்தில் வேலை பார்த்ததால் பிரிட்டிஷ் பாஸ்போர்ட் இருந்தது. 1975-ல் சின்னப் பயணமாக லண்டன் போயிருந்தார் ஹதூம். அந்த நேரத்தில் லெபனானில் உள்நாட்டுப் போர் வெடித்தது. திரும்பிப் போக முடியவில்லை. லண்டனிலேயே தங்கிக் கலை படித்தார். பெற்றோருக்குப் பாலஸ்தீனம் போனது. மகளுக்கு பெய்ரூட்டும் போனது.

1981-ல் பெய்ரூட் போய் வந்தபோது, ஷவரில் குளித்துக்கொண்டிருந்த அம்மாவை அவர் சம்மதத்தோடு புகைப்படம் எடுத்தார். இருவரும் மனம்விட்டுப் பேசியதை டேப்பில் பதிவு செய்தார். லண்டன் திரும்பிய பிறகு அம்மாவிடமிருந்து கடிதங்கள் வந்தன. படங்கள், பேச்சு, கடிதங்கள் இந்த மூன்றையும் ஏழு வருஷம் கழித்து ஒன்றன் மேல் ஒன்றாக அடுக்கியதுதான் இந்த வீடியோ.

திரையில் முதலில் எதுவும் புரியாது. ரொம்பக் கிட்டத்தில் எடுத்த, பொரிப்பொரியான நிழல்கள். மெதுவாகத்தான் அது ஒரு உடம்பு என்று பிடிபடும். அந்த உடம்புக்கு மேல் முழுக்க அரபி எழுத்து, அம்மாவின் கையெழுத்து. ஒரு பார்வைக்கு அந்த வரிகள் குளியலறைத் திரை மாதிரி. இன்னொரு பார்வைக்கு முள்வேலி மாதிரி. கடிதம் வழியாகத்தான் அம்மாவைப் பார்க்க முடிகிறது. அதே கடிதம்தான் அம்மாவை மறைக்கவும் செய்கிறது. தூர தேசத்தில் இருந்து வீடியோ கால் பேசுகிறவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

காதுக்கு இரண்டு அடுக்கு. அடியில் அம்மாவும் மகளும் அரபியில் பேசுகிறார்கள், வெடித்துச் சிரிக்கிறார்கள். மேலே ஹதூமின் குரல், அம்மாவின் கடிதங்களை ஆங்கிலத்தில், ஏற்ற இறக்கமில்லாமல், சோகமாகப் படிக்கிறது. ஒரே நேரத்தில் கிட்டத்தில் இருந்த அம்மாவும் தூரத்தில் இருக்கும் அம்மாவும்.

கடிதங்களில் என்ன இருக்கிறது? மகளின் கேள்விகளுக்குப் பதில்கள். பெண்ணின் உடம்பைப் பற்றி, காமத்தைப் பற்றி, கல்யாண வாழ்க்கை பற்றி. ஊரை விட்டு வந்தபோது தன்னையே உரித்துப் போட்டதுபோல் இருந்தது பற்றி. ஷவரில் இருவரும் அக்கா தங்கைபோல் ஒளிவு மறைவில்லாமல் இருந்தது எவ்வளவு பிடித்திருந்தது என்பது பற்றி. பிறகு போர். அக்கம்பக்கத்துத் தபால் நிலையம் கார் குண்டில் நாசமாகிவிட்டது, இனி கடிதம் போடுவதே கஷ்டம் என்கிறார் அம்மா.

மேற்கத்திய ஊடகங்கள் அந்தக் காலத்தில் காட்டிய அரபுத் தாய் ஒருத்தி உண்டு: கறுப்பு உடையில், இடிந்த வீட்டின் முன்னால், தலையில் அடித்துக்கொண்டு அழுபவள். ஹதூமின் அம்மா சிரிக்கிறார், கேலி பேசுகிறார், ஆசைகளைப் பற்றிப் பேசுகிறார், அரசியலையும் அதே மூச்சில் பேசுகிறார். பாலஸ்தீனத் தாய் என்ற வேஷமும் ‘அம்மா’ என்ற வேஷமும் ஒரே ஷவரில் நனைந்து கழல்கின்றன. மகளுக்கும் அப்படித்தான். அம்மாவை ஒரு பெண்ணாகப் பார்த்த பிறகு, தான் யாருடைய மகள் என்பதற்கான அர்த்தம் மாறுகிறது.

யாரைக் கேட்டு எடுத்தாய்?

ஷவரில் படம் எடுத்தது அப்பாவுக்குத் தெரிந்துபோகிறது. கோபம். அதற்குப் பிறகும் விடாமல் சொல்லிக் காட்டுகிறார். தனக்கு மட்டுமே சொந்தமானதை மகளுக்குத் தூக்கிக் கொடுத்துவிட்டதுபோல் அவர் நடந்துகொள்கிறார் என்று அம்மா எழுதுகிறார். படங்களைப் பயன்படுத்திக்கொள், ஆனால் அப்பாவிடம் மூச்சு விடாதே என்று அனுமதியும் தருகிறார். இதையும் மறைக்காமல் அந்த வீடியோவே நமக்குச் சொல்லிவிடுகிறது.

அம்மாவின் உடம்பு யாருக்குச் சொந்தம் என்ற கேள்விக்கு அம்மாவே பதில் சொல்கிறார் இங்கே. அதனால்தான் இந்தப் படைப்பு அத்துமீறலாகத் தெரியவில்லை. ஆனால் ரகசியமாகக் கொடுத்த அனுமதி எவ்வளவு தூரம் செல்லும்? ஒரு மகளுக்குக் கொடுத்த படம் அருங்காட்சியகச் சுவர் வரைக்கும் போகும் என்று அந்த அம்மா யோசித்திருப்பாரா? எனக்கு இதில் முழுத் தெளிவு இல்லை. கடிதத்தைப் படித்துக் காட்டி நம்மையும் அந்த ரகசியத்தில் கூட்டாளி ஆக்கியதுதான் ஹதூமின் நேர்மை என்று மட்டும் தோன்றுகிறது.

இன்னும் சிக்கலான ஒன்று ஜானிஸ் தனாகாவின் 1992-ம் ஆண்டு வீடியோ. அவர் அப்பாவும் போர்க்கால ஜப்பானிய அமெரிக்கர். முகாம் அடைப்பை எதிர்த்தவர், கைதானவர், மனநோயாளி என்று முத்திரை குத்தப்பட்டவர். 40 வருஷத்துக்கு மேல் பிரிந்திருந்த அவரை, லாஸ் ஏஞ்சல்ஸில் மனநலம் குன்றியவர்கள் தங்கும் விடுதி ஒன்றில் மகள் கண்டுபிடிக்கிறார். கேமராவோடு போகிறார். ஞாபகம் மங்கிப்போன மனிதர் சரி என்று தலையாட்டினால் அது சம்மதமா? எடுக்காமல் விட்டிருந்தால் அந்த மனிதர் இருந்ததே யாருக்கும் தெரியாமல் போயிருக்கும் என்பதும் உண்மைதான்.

அம்மா தூங்குவதை, தாத்தா தடுமாறுவதை, அப்பா இங்கிலீஷ் தப்பாகப் பேசுவதை எடுத்து ஸ்டோரி போடும் காலத்தில் இந்தக் கேள்வி கலைஞர்களுக்கு மட்டும் உரியதில்லை. ஹதூம் தன் வீடியோவை முடிக்க 7 வருஷம் எடுத்துக்கொண்டார். நமக்கு 7 விநாடிகூட ஆவதில்லை.

எங்கே பார்க்கலாம்?

இவை ஓடிடியில் சுலபமாகக் கிடைக்காது. ஹதூமின் படைப்பு லண்டன் டேட் அருங்காட்சியகத் தொகுப்பில் இருக்கிறது. நியூயார்க்கின் எலக்ட்ரானிக் ஆர்ட்ஸ் இன்டர்மிக்ஸ், சிகாகோவின் வீடியோ டேட்டா பேங்க் ஆகிய அமைப்புகள்தான் இந்த வகை வீடியோக்களைப் பாதுகாத்துத் திரையிடலுக்குத் தருகின்றன. அவற்றின் இணையதளங்களில் படைப்புகளைப் பற்றிய குறிப்புகள் இருக்கும். நகரத்தில் கலைக் கண்காட்சியோ திரைப்பட விழாவோ நடந்தால் வீடியோ பிரிவு இருக்கிறதா என்று ஒரு கண் வையுங்கள்.

பார்க்கக் கிடைத்தால் ஒரு விஷயம். ‘மெஷர்ஸ் ஆஃப் டிஸ்டன்ஸ்’ பார்க்கும்போது சப்டைட்டில் தேடாதீர்கள். ஹெட்போன் போட்டுக்கொள்ளுங்கள். ஆங்கிலக் கடிதத்துக்கு அடியில் ஓடும் அந்த அரபிச் சிரிப்பு போன் ஸ்பீக்கரில் சரியாகக் கேட்காது.